நேரலை விளையாட்டும் சாட் பாட் என்னும் ஏவலாளும்

வானொலியில் நேயர் விருப்பம் கேட்டு வளர்ந்த தலைமுறையைச் சேர்ந்தவன் நான். பாட்டின் பெயரையும் வீட்டார் பெயர்களையும் ஓர் அஞ்சலட்டையில் எழுதிப் போட்டுவிட்டு வாரக் கணக்கில் காத்திருப்போம். என்றாவது ஒரு நாள் அறிவிப்பாளர் நம் பெயரைப் படித்துவிட்டால் அன்று முழுவதும் வீட்டில் அதே பேச்சுத்தான். பாட்டு எப்படியும் ஒலிபரப்பாகும் என்பது தெரியும். ஆனாலும் நாம் கேட்டதற்காக ஒலித்தது என்ற எண்ணத்தில் ஒரு மகிழ்ச்சி இருந்தது.

அந்த மகிழ்ச்சியை இன்று ஒரு நிமிட நேரத்துக்குள் தருகிற ஏற்பாடு ஒன்றைப் பற்றியே இந்தக் கட்டுரை. நம் சங்கத்தின் ஞாயிறு மாலைச் சதுரங்க நேரலையைப் பார்க்கும் அன்பர்கள் பலர், "அது எப்படி நாங்கள் எழுதியவுடன் காய் நகர்கிறது? யார் உட்கார்ந்து எண்ணுகிறார்கள்?" என்று என்னிடம் கேட்பதுண்டு. எண்ணுவது ஆள் அல்ல, ஒரு மென்பொருள். அதனை என் மகள் வயிற்றுப் பேரனும் நானும் சேர்ந்து அமைத்தோம். அமைத்ததில் ஒரு பெரிய பிழையும் செய்தோம். இரண்டையும் சொல்லிவிடுகிறேன்.

ஏவலாளின் வேலை

முதலில் நேரலை என்பதை விளக்கிவிடுகிறேன். ஒருவர் தம் கணினியில் ஒரு விளையாட்டை ஆடுகிறார். திரையில் தெரியும் ஆட்டமும் அவருடைய குரலும் அப்படியே இணையத்தின் வழியாக ஒளிபரப்பாகின்றன. பார்ப்பவர்கள் பக்கத்தில் உள்ள கட்டத்தில் தங்கள் கருத்தை எழுதுகிறார்கள். இதற்கென்றே அமெரிக்காவில் 2011-ஆம் ஆண்டு ட்விட்ச் என்னும் தளம் தொடங்கப்பட்டது. 2014-இல் அதனை அமேசான் நிறுவனம் வாங்கியது. நம் நாட்டில் பெரும்பாலோர் யூடியூபிலேயே இவ்வாறு ஆடிக் காட்டுகிறார்கள்.

பத்துப் பேர் பார்க்கும்வரை சிக்கல் இல்லை. ஆடுபவரே ஆட்டத்துக்கு நடுவில் ஒவ்வொரு வரியையும் படித்துப் பதில் சொல்லிவிடலாம். ஐம்பது, நூறு என்று ஆகும்போது வரிகள் மளமளவென்று மேலே ஓடிவிடும். ஆட்டத்தைக் கவனித்தால் வரிகள் போய்விடும். வரிகளைக் கவனித்தால் ஆட்டம் போய்விடும்.

நம் சங்கத்துப் பட்டிமன்றங்களில் பார்த்திருப்பீர்கள். அவையிலிருந்து வரும் துண்டுச் சீட்டுகளை மேடை ஓரத்தில் ஓர் இளைஞர் வாங்கிக்கொள்வார். ஒரே கேள்வி பல சீட்டில் வந்திருந்தால் சேர்த்துவிடுவார். வம்புச் சீட்டுகளைக் கிழித்துப் பைக்குள் போட்டுக்கொள்வார். மிச்சத்தை அடுக்கி நடுவரிடம் கொடுப்பார். "கழிவறை எந்தப் பக்கம்?" என்று கேட்பவருக்குத் தாமே கை காட்டிவிடுவார். சாட் பாட் என்று ஆங்கிலத்தில் சொல்லப்படும் மென்பொருள் செய்வது ஏறக்குறைய இதே வேலைதான். ஆகவே இந்தக் கட்டுரையில் அதனை ஏவலாள் என்றே அழைக்கிறேன்.

ஏவலாளுக்கு நான்கு வேலைகள் உண்டு. முதலாவது, அடிக்கடி வரும் கேள்விக்கு ஆயத்தமாக உள்ள விடையைத் தருவது. ஆச்சரியக் குறியிட்டு, இடைவெளி விடாமல் 'விதி' என்று எழுதினால், ஆட்ட விதிகள் உடனே வரும். இரண்டாவது, குறித்த நேரத்துக்கு ஒரு முறை ஓர் அறிவிப்பை வெளியிடுவது. மூன்றாவது, வசைச் சொற்களையும் விளம்பர இணைப்புகளையும் நீக்குவது. நான்காவது, வாக்கு எண்ணுவது. பார்ப்பவரை ஆடுபவராக மாற்றுவது இந்த நான்காவது வேலைதான்.

வாக்கால் ஆடிய ஆட்டங்கள்

பலர் சேர்ந்து வாக்களித்து ஒரே ஆட்டத்தை ஆடுவது புதிதன்று. 1999-ஆம் ஆண்டு ஜூன் மாதம் கேரி காஸ்பரோவ் இணையத்தில் உலகத்தை எதிர்த்து ஆடினார். 75-க்கும் மேற்பட்ட நாடுகளிலிருந்து 50,000-க்கும் அதிகமானோர் எதிரணியில் இருந்தார்கள். ஒரு நகர்த்தலுக்கு 24 மணி நேரம். அதிக வாக்குப் பெற்ற நகர்த்தலே உலகத்தின் நகர்த்தல். ஆட்டம் நான்கு மாதம் நடந்து, அக்டோபரில் 62-ஆவது நகர்த்தலில் காஸ்பரோவ் வென்றார். நம் விசுவநாதன் ஆனந்தும் 2024-இல் இதே முறையில் ஏறக்குறைய 70,000 பேரை எதிர்த்து ஆடி வென்றார். 2025-இல் மேக்னஸ் கார்ல்சன் 1,43,000 பேருடன் ஆடியபோது உலகம் அவரைச் சமநிலையில் நிறுத்திவிட்டது.

இவை நிதானமாக நடந்த ஆட்டங்கள். நேரலையில் நடந்த வேடிக்கை வேறு. 2014 பிப்ரவரி 12-ஆம் நாள், ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த, பெயர் வெளியிடாத நிரலாளர் ஒருவர், போக்கிமான் ரெட் என்னும் பழைய விளையாட்டை ட்விட்சில் ஓடவிட்டார். ஆடுவதற்கு ஆள் இல்லை. பார்ப்பவர்கள் மேலே, கீழே, இடம், வலம் என்று எழுத எழுத, அவர் அமைத்த ஏவலாள் அந்தந்தப் பொத்தானை அழுத்தியது. ஆயிரக்கணக்கானோர் ஒரே நேரத்தில் எழுதினால் என்ன ஆகும்? கதாநாயகன் சுவரில் முட்டிக்கொண்டு நின்றான். நான்கு அடி நடக்க மணிக் கணக்கானது. பின்னர் அந்த நிரலாளர் ஓர் ஏற்பாடு செய்தார். எழுதியதை எல்லாம் வந்த வரிசையில் நிறைவேற்றுவது ஒரு முறை. சில விநாடிகள் வாக்கெடுத்துப் பெரும்பான்மையை மட்டும் நிறைவேற்றுவது மற்றொரு முறை. முன்னதற்கு அராஜகம் என்றும் பின்னதற்கு ஜனநாயகம் என்றும் பெயர். எந்த முறை வேண்டும் என்பதற்கும் வாக்கெடுப்புத்தான்! பதினாறு நாள் கழித்து, மார்ச் 1-ஆம் நாள் ஆட்டம் முடிந்தது. 11 லட்சத்துக்கும் அதிகமானோர் அதில் கலந்துகொண்டதாகக் கணக்கிட்டார்கள்.

இதிலிருந்து நான் கற்றுக்கொண்டது ஒன்று. நேரலையில் வண்ண விளக்குகளும் ஒலிகளும் எத்தனை வைத்தாலும் பார்ப்பவர் பார்ப்பவராகவே இருப்பார். அவர் எழுதிய சொல்லால் திரையில் ஏதேனும் ஒன்று மாற வேண்டும். மாறினால்தான் அவர் எழுந்து போகாமல் உட்கார்ந்திருப்பார்.

எங்கள் ஏவலாள்

எங்கள் ஞாயிறு நேரலையில் பேரன் வெள்ளைக் காய்களை ஆடுவான். பார்ப்பவர்கள் எல்லோரும் சேர்ந்து கறுப்பு. அவனுக்கு வயது 17. (யூடியூபில் தனியாக நேரலை நடத்த 16 வயது ஆகியிருக்க வேண்டும் என்பது 2025 ஜூலை 22 முதல் விதி.) அவன் நகர்த்தியதும் ஏவலாள், "60 விநாடி, வாக்களியுங்கள்" என்று எழுதும். பார்ப்பவர்கள் ஆச்சரியக் குறியிட்டுத் தங்கள் நகர்த்தலை எழுதுவார்கள். சதுரங்க விதிகளை அறிந்த இலவச நிரல் தொகுப்பு ஒன்று பைதான் மொழியில் உண்டு. அதனைக் கொண்டு செல்லாத நகர்த்தல்களை ஏவலாள் தள்ளிவிடும். ஒருவருக்கு ஒரு வாக்கு. மனம் மாறினால் கடைசியாக எழுதியதே கணக்கு. வாக்குகள் சமமானால் முதலில் வந்த நகர்த்தலுக்கு வெற்றி.

இதில் தாமதம் என்று ஒரு தொல்லை உண்டு. பேரன் காயை நகர்த்தும் அதே நொடியில் பார்ப்பவர் திரையில் அது நகர்வதில்லை. யூடியூபில் குறைந்த தாமதம் என்னும் அமைப்பில் பெரும்பாலோருக்கு 10 விநாடிக்குள்ளும், மிகக் குறைந்த தாமதம் என்னும் அமைப்பில் 5 விநாடிக்குள்ளும் படம் போய்ச் சேரும். தொடக்கத்தில் நாங்கள் 20 விநாடி வாக்கெடுப்பு வைத்தோம். பாதிப் பேர் யோசிக்கும் முன்பே நேரம் முடிந்துவிட்டது. 60 விநாடியாக்கி, அதற்கு மேலும் 10 விநாடி பொறுத்து எண்ணத் தொடங்கிய பிறகே ஆட்டம் களை கட்டியது.

ஏவலாளுக்கும் கட்டுப்பாடு உண்டு. யூடியூப் அரட்டையில் ஒரு வரி 200 எழுத்துகளைத் தாண்டக்கூடாது. நாங்கள் எழுதிய ஏவலாள் புதிய வரிகளை யூடியூபிடம் அவ்வப்போது கேட்டு வாங்குகிறது. கேட்பது ஒவ்வொன்றுக்கும் கணக்கு உண்டு. சாதாரணமாக ஒரு நாளைக்கு 10,000 அலகுகள். பொறுமையில்லாமல் நொடிக்கு நொடி கேட்டால் ஆட்டத்தின் பாதியில் அலகு தீர்ந்து ஏவலாள் ஊமையாகிவிடும். எங்களுக்கு ஒரு முறை அப்படி ஆயிற்று.

ட்விட்சின் முறை வேறு. அதன் அரட்டை, 1988-இல் பின்லாந்தில் யார்க்கோ ஒய்க்கரினன் உருவாக்கிய ஐ.ஆர்.சி. என்னும் பழைய உரையாடல் முறையைத் தழுவியது. அங்கே வரிகள் தாமாகவே வந்துகொண்டிருக்கும். அவ்வப்போது தளம் 'பிங்' என்று கூப்பிடும். ஏவலாள் 'பாங்' என்று பதில் குரல் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் ஆள் இல்லை என்று கருதித் தொடர்பைத் துண்டித்துவிடும். வில்லுப்பாட்டில் பக்கப்பாட்டுக்காரர் "ஆமா" போட மறந்தால் கதை நின்றுவிடுவது போலத்தான்.

நாங்கள் செய்த பிழை

இனி அந்தப் பிழைக்கு வருகிறேன்.

முதல் மாதத்தில் யாரோ சிலர் நுழைந்து நட்சத்திரக் குறிகளாலும் கோடுகளாலும் அரட்டையை நிரப்பித் தொல்லை கொடுத்தார்கள். ஆகவே பேரன் ஒரு விதி எழுதினான். ஒரு வரியில் உள்ளவற்றில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எழுத்தாகவோ எண்ணாகவோ இல்லாமல் குறியாக இருந்தால், ஏவலாள் அந்த வரியை நீக்கிவிடும். அதே வரியை மூன்று முறை எழுதினால், எழுதியவரைப் பத்து நிமிடம் பேசவிடாது. நான் 'வணக்கம்' என்று தமிழில் எழுதிச் சோதித்தேன். சரியாக வந்தது. இருவரும் மன நிறைவோடு விட்டுவிட்டோம்.

சில வாரங்கள் கழித்து, சங்கத்தின் ஞாயிறு தமிழ் வகுப்பில் படிக்கும் ஒரு சிறுமியின் தாயார் என்னிடம் வந்தார். பள்ளியில் இந்தியும் மராத்தியும் ஆங்கிலமும் படித்து, தமிழ் எழுத்தை இங்கே வந்து கற்றுக்கொண்ட குழந்தை. தாயாரின் கணக்கிலிருந்து, அவர் பக்கத்தில் இருக்க, ஆட்டம் பார்ப்பாள்.

"ஐயா, இவ ரெண்டு வாரமா நேரலை பார்க்க மாட்டேங்கறா. கேட்டா, 'என் தமிழ் தப்பும்மா, அதான் அழிஞ்சு போகுது'ன்னு சொல்றா. அப்படி என்னங்க தப்பா எழுதிட்டா?"

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. வீட்டுக்கு வந்து பேரனிடம் சொன்னேன். ஏவலாள் தான் நீக்கிய வரிகளை எல்லாம் ஒரு பதிவேட்டில் எழுதி வைக்கும். அதனை எடுத்துப் பார்த்தோம். இரண்டு வாரத்துக்கு முந்தைய ஆட்டத்தில், அந்தக் கணக்கிலிருந்து மூன்று முறை ஒரே வரி வந்திருந்தது: 'குதிரையை எடுங்கள்.' மூன்றும் நீக்கம். மூன்றாவதற்குப் பிறகு பத்து நிமிடத் தடை.

பேரன் அந்த ஆட்டத்தைத் திரையில் போட்டான். சிறிது நேரம் பார்த்துவிட்டு, "தாத்தா, நான் அங்க குதிரையைக் காவல் இல்லாம விட்டிருக்கேன். சிப்பாயாலயே வெட்டியிருக்கலாம். யாரும் பார்க்கலை. இவ மட்டும் பார்த்திருக்கா," என்றான்.

கட்டங்களின் பெயரை எழுதி வாக்களிக்க அவளுக்கு இன்னும் பழக்கமில்லை. ஆகவே கண்டதைச் சொல்லாக எழுதியிருக்கிறாள். மற்றவர்கள் அதைப் படித்திருந்தால் அந்த நகர்த்தலுக்கு வாக்களித்திருப்பார்கள். அன்று கறுப்பு தோற்றிருக்காது. தமிழில் சரியாக எழுதப்பட்ட சரியான யோசனை ஒன்றைத் தமிழ்ச் சங்கத்து ஏவலாள் குப்பை என்று ஒதுக்கிவிட்டது.

காரணத்தைத் தேடினோம். கு, தி, ரை என்பவை நமக்கு ஒவ்வொன்றும் ஓர் எழுத்து. உயிரும் மெய்யும் சேர்ந்த உயிர்மெய் 216 என்றுதான் வகுப்பில் சொல்லித் தருகிறோம். கணினியின் யூனிகோடு முறையில் அவை அப்படிச் சேமிக்கப்படுவதில்லை. 'கு' என்பது க என்னும் எழுத்தும் உகரக் குறியும் ஆகிய இரண்டு. 'ள்' என்பது ள-வும் புள்ளியும். எங்கள் நிரல், அகரம் ஏறிய க, ள போன்றவற்றை எழுத்து என்று ஒப்புக்கொண்டது. கொம்பு, கொக்கி, புள்ளி எல்லாவற்றையும் குறி என்று எண்ணிவிட்டது. 'குதிரையை எடுங்கள்' என்பதில், இடைவெளியை விட்டுவிட்டால், கணினிக்கு 16 உருக்கள். அவற்றில் 7 சார்பு உருக்கள். அதாவது நூற்றுக்கு 44 பங்கு. நான் சோதித்த 'வணக்கம்' என்பதில் 7 உருக்களுக்கு 2 புள்ளிகள்தாம். நூற்றுக்கு 29-கூட இல்லை. அதனால் அது தப்பித்தது, நாங்களும் ஏமாந்தோம்.

பதிவேட்டை மேலும் புரட்டினோம். நீக்கப்பட்டவற்றில் தமிழ் வரிகள் பல இருந்தன. தேவநாகரியில் எழுதிய இந்தி, மராத்தி வரிகளும் இருந்தன. ஆங்கில எழுத்தில் தமிழை எழுதியவர்களின் வரி ஒன்றுகூடப் போகவில்லை. அவர்கள் எழுதிய இரண்டு வசைச் சொற்களும் பத்திரமாக நின்றிருந்தன! தாய்மொழியை அதன் எழுத்தில் எழுதியவர்களுக்கு மட்டுமே தண்டனை.

திருத்தம் மிகச் சிறியது. யூனிகோடு ஒவ்வோர் உருவுக்கும் ஒரு வகை குறித்திருக்கிறது. எழுத்து என்பது ஒரு வகை. எழுத்தைச் சார்ந்து வரும் குறி என்பது இன்னொரு வகை. இரண்டையும் எழுத்தாகவே எண்ணு என்று நிரலில் ஒரு வரியை மாற்றினான். ஐந்து நிமிட வேலை.

மறு ஞாயிறு வகுப்பில் பேரன் அந்தக் குழந்தையிடம், "தப்பு உன் தமிழ்ல இல்லடா, என் நிரல்லதான். நீ சொன்ன நகர்த்தல்தான் சரி," என்று பலகையில் காய்களை வைத்துக் காட்டினான். அவள் பதில் ஒன்றும் சொல்லவில்லை. அந்த மாலை நேரலைக்கு வந்தாள், எதுவும் எழுதவில்லை. அடுத்த வாரம் யாரையோ பார்த்து ஒரு நகர்த்தலுக்கு வாக்களித்தாள். மூன்றாவது வாரம்தான் தமிழில் ஒரு வரி வந்தது. பேரன் ஆட்டத்தை நிறுத்தி அதை உரக்கப் படித்தான். அது தவறான யோசனை. ஏன் தவறு என்று இரண்டு நிமிடம் விளக்கினான். அவளுக்கு அது போதுமானதாக இருந்தது என்று தாயார் சொன்னார்.

தொடங்க விரும்புவோருக்கு

நிரல் எழுதத் தெரியாதவர்களும் இதைச் செய்யலாம். நைட்பாட், ஸ்ட்ரீம்எலிமென்ட்ஸ் போன்ற ஆயத்த ஏவலாள்களைக் கட்டணமின்றிப் பயன்படுத்தலாம். அவை தங்கள் நிறுவனத்தின் கணினியிலேயே இயங்குவதால், உங்கள் கணினிக்குச் சுமை இல்லை. உங்கள் ஒளிபரப்பில் அவற்றுக்கு நெறியாளர் உரிமை கொடுத்தால்தான் வரிகளை நீக்க முடியும். எங்கள் அனுபவத்தில் கண்ட சிலவற்றை மட்டும் கூறி முடிக்கிறேன்.

ஒன்று: எந்தத் தடை விதியை வைத்தாலும், நீண்ட தமிழ் வரிகள் பத்தையும் இந்தி வரிகள் பத்தையும் எழுதிச் சோதியுங்கள். 'வணக்கம்' மட்டும் போதாது. இரண்டு: நீக்கிய வரிகளின் பதிவேட்டை வாரம் ஒரு முறை கண்ணால் பாருங்கள். ஏவலாள் யாரை வெளியே நிறுத்தியது என்பது அதில்தான் தெரியும். நிறுத்தப்பட்டவர் பெரும்பாலும் புகார் சொல்லமாட்டார், எழுந்து போய்விடுவார். மூன்று: அறிவிப்புகளைக் குறையுங்கள். நாங்கள் முதலில் ஐந்து நிமிடத்துக்கு ஒன்று வைத்தோம்; மனிதர் எழுதியதைவிட ஏவலாள் எழுதியது அதிகமாயிற்று. இப்போது அரை மணிக்கு ஒன்று. நான்கு: பார்ப்பவருக்குப் புள்ளிகள் கொடுத்து விளையாட்டாகப் போட்டி வைக்கலாம், அதில் பணத்தை நுழைக்க வேண்டாம். பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளை 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் தடை செய்துவிட்டது.

ஐந்தாவது, வரவேற்பைப் பற்றியது. செயற்கை நுண்ணறிவு கொண்ட ஏவலாள்கள் இப்போது மனிதரைப் போலவே பதில் எழுதுகின்றன. வருகிற ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி வரவேற்கும்படி அமைக்கலாம் என்று பேரன் சொன்னான். நான் வேண்டாம் என்றேன். எண்ணுவதும் அடுக்குவதும் அது செய்யட்டும். அதனால் மிச்சமாகும் நேரத்தில் வந்தவர் பெயரை அவன் வாயால் சொல்லட்டும். அஞ்சலட்டைக் காலத்தில் நாங்கள் காத்திருந்தது அறிவிப்பாளரின் குரலுக்காகத்தான்.

ஞாயிறுதோறும் தமிழ் வகுப்பு முடிந்ததும் சங்க நூலகத்தில் நாங்கள் இருவரும் இருப்போம். ஏவலாள் அமைக்க விரும்பும் அன்பர்கள் தங்கள் கணினியோடு வரலாம். மாலை நேரலையில் கறுப்புக்கு ஆள் எப்போதும் குறைவு. தமிழிலேயே எழுதுங்கள். இனி அழியாது.